கதைப்பாடல்களை வரலாற்றுச் சான்றாக்கியவர்: பொதுவுடைமை வரலாற்றறிஞர் நா. வானமாமலையின் வாழ்வும் ஆய்வுப் பணியும்

ஆய்வுச் சுருக்கம்

தமிழ்ச் சமூக வரலாற்றை மார்க்சிய நோக்கில் எழுதியவர்களுள் முன்னோடியாக விளங்கியவர் நா. வானமாமலை (1917–1980). பல்கலைக்கழகப் பதவி எதனையும் வகிக்காத இவர் தனிப்பயிற்சிக் கல்லூரி ஒன்றை நடத்தி அதன் வருவாயில் வாழ்ந்தவர். பொதுவுடைமைக் கட்சியில் பணியாற்றிச் சிறை சென்றவர். ஆய்வுக் குழு ஒன்றையும் ஆய்விதழ் ஒன்றையும் நிறுவியவர். இவருடைய கதைப்பாடல் பதிப்புகளை 1970களின் தொடக்கத்தில் மதுரைப் பல்கலைக்கழகம் வெளியிட்டது. இவரது வாழ்க்கை வரலாற்றைக் கால நிரலில் எடுத்துரைக்கும் இக்கட்டுரை, வாய்மொழி மரபை வரலாற்றுச் சான்றாகக் கொள்வதற்கு இவர் வகுத்த நெறியையும் அதன் எல்லைகளையும் மதிப்பிடுகிறது.

முதன்மைச் சொற்கள்: நா. வானமாமலை, மார்க்சிய வரலாற்றியல், கதைப்பாடல், நெல்லை ஆய்வுக் குழு, மதுரைப் பல்கலைக்கழகம், முத்துப்பட்டன், கான்சாகிபு.

முன்னுரை

தமிழகத்தில் பொதுவுடைமை சார்ந்த வரலாற்றெழுத்து இரு கிளைகளாக வளர்ந்தது. கட்சியும் தொழிற்சங்கமும் தோன்றி வளர்ந்த வரலாற்றை ஆவணங்களின் துணையுடன் எழுதுவது ஒரு கிளை. சிங்காரவேலரின் வாழ்வை ஆராய்ந்த சி.எஸ். சுப்பிரமணியம், மதுரையில் இருந்துகொண்டு கம்யூனிஸ்ட் இயக்க வரலாற்றைத் தொகுத்த என். ராமகிருஷ்ணன் ஆகியோர் இக்கிளையைச் சார்ந்தவர்கள். இயக்கத்தின் வரலாற்றைக் காட்டிலும், இயக்கம் யாருக்காகத் தோன்றியதோ அந்த மக்களின் நெடுங்கால வரலாற்றைத் தேடுவது மற்றொரு கிளை. இதன் தலைமகனாக நா. வானமாமலையைக் குறிப்பிடலாம்.

முதற்கிளையினர்க்குக் காவல்துறைக் குறிப்புகளும் வழக்குமன்றப் பதிவுகளும் மாநாட்டுத் தீர்மானங்களும் சான்றாக அமைந்தன. உழுதவரும் மாடு மேய்த்தவரும் செருப்புத் தைத்தவரும் தம்மைப் பற்றி எழுதி வைக்கவில்லை. அரசனின் மெய்க்கீர்த்தியில் அவர்களுக்கு இடமில்லை. வரிக்கணக்கில் மட்டுமே அவர்கள் தென்படுகின்றனர். இந்நிலையில் அவர்களின் வரலாற்றை எதைக்கொண்டு எழுதுவது என்னும் வினா எழுகிறது. வானமாமலையின் வாழ்நாள் உழைப்பை இவ்வினாவிற்கான விடைதேடலாகக் காணலாம்.

பிறப்பும் கல்வியும்

வானமாமலை 1917ஆம் ஆண்டு டிசம்பர் 7ஆம் நாள் திருநெல்வேலி மாவட்டம் நாங்குநேரியில் பிறந்தார். நாங்குநேரி 108 திவ்விய தேசங்களுள் ஒன்று. வைணவ மடம் ஒன்றின் தலைமையிடம். அவ்வூர்ப் பெருமாளின் பெயரே அவருக்கு இடப்பட்டது. கோயிலும் மடமும் பெருநிலவுடைமை நிறுவனங்களாக இருப்பதையும், அந்நிலங்களில் குத்தகைக்கும் கூலிக்கும் உழைப்போரின் நிலையையும் ஒருசேரக் காணக்கூடிய ஊர் அது. பிற்காலத்தில் சோழர் காலக் கோயில் நிலவுடைமையைப் பற்றி அவர் எழுதியபோது கையாண்ட கருத்துகளுக்குரிய நடைமுறைச் சான்று பிறந்த ஊரிலேயே அவர் கண்முன் இருந்தது எனலாம்.

கல்லூரியில் அறிவியல் பயின்று பட்டம் பெற்ற அவர், பின்னர் ஆசிரியப் பயிற்சியும் முடித்து நெல்லை மாவட்டப் பள்ளிகளில் ஆசிரியராகப் பணியாற்றினார். தமிழையோ வரலாற்றையோ பட்டப்படிப்பாகப் பயிலாத ஒருவர் அவ்விரு துறைகளிலும் புதுவழி கண்டமை கருதத்தக்கது. கரணியங்களைத் தேடும் மனப்பாங்கும், ஒரு முடிவைச் சான்றுகளால் மீண்டும் மீண்டும் சோதிக்கும் பழக்கமும் அறிவியற் கல்வி அவருக்கு அளித்த கொடை. இரும்பு, ரப்பர் முதலிய பொருள்களின் கதையை இளையோர்க்கு எளிய தமிழில் எடுத்துரைக்கும் நூல்களையும் அவர் எழுதினார். அறிவியலைத் தமிழிற் சொல்ல இயலும் என்பதைத் தாமே எழுதிக் காட்டிய தலைமுறையைச் சேர்ந்தவர் அவர்.

இயக்கமும் சிறையும்

1940களில் நெல்லை மாவட்டத்தில் பொதுவுடைமை இயக்கம் வேரூன்றியபோது வானமாமலை அதில் இணைந்தார். பள்ளி ஆசிரியப் பணியை விட்டு விலகிப் பாளையங்கோட்டையில் தனிப்பயிற்சிக் கல்லூரி ஒன்றைத் தொடங்கினார். தேர்வில் தவறிய மாணவர்களுக்குப் பாடம் சொல்லும் அந்நிறுவனமே இறுதிவரை அவருக்கு வாழ்வாதாரமாயிற்று. பல்கலைக்கழகம் எதிலும் பேராசிரியராக இராதவரைத் தமிழுலகம் பேராசிரியர் நா.வா. என்றே அழைத்தது. பதவி பற்றி வந்த பெயரன்று அது. மாணவர்களும் தோழர்களும் வழங்கிய பெயர்.

நாடு விடுதலை பெற்றதை அடுத்த ஆண்டுகளில் பொதுவுடைமைக் கட்சி கடும் ஒடுக்குமுறைக்கு உள்ளானது. அக்கட்டத்தில் தொடுக்கப்பட்ட நெல்லைச் சதி வழக்கில் கே. பாலதண்டாயுதம், ஆர். நல்லகண்ணு உள்ளிட்ட பலர் நெடுஞ்சிறைத் தண்டனை பெற்றனர். வானமாமலையும் அவ்வழக்கில் குற்றம் சாட்டப்பட்டுப் பின்னர் விடுவிக்கப்பட்டார். சிறை மீண்டபின் அவரது செயற்பாடு சிறிது சிறிதாக ஆய்வின் பக்கம் திரும்பியது. இதனை அரசியலிலிருந்து விலகியதாகக் கொள்வது பொருந்தாது. மக்களைத் திரட்ட முனைந்த இயக்கம் அம்மக்களின் நம்பிக்கைகளையும் வழிபாடுகளையும் சாதி உணர்வுகளையும் புரிந்துகொள்ளாமல் முன்செல்ல இயலாது என்னும் உணர்வு அவரது ஆய்வுகள் அனைத்திலும் அடிநாதமாக உள்ளது.

1959இல் ப. ஜீவானந்தம் தொடங்கிய 'தாமரை' இதழும், 1961இல் தோன்றிய தமிழ்நாடு கலை இலக்கியப் பெருமன்றமும் இப்பணிக்குக் களம் அமைத்துத் தந்தன. இலக்கியத்தின் உருவமும் உள்ளடக்கமும், உரைநடையின் வளர்ச்சி, புதுக்கவிதையின் போக்குகள் எனப் பல பொருள் பற்றி அவர் எழுதினார். ஆயினும் அவரது தனித்தடம் நாட்டுப்புற வழக்காற்றிலும் சமூக வரலாற்றிலுமே பதிந்தது.

பாடல் தொகுப்பு: பாமரர் முதல் நாட்டார் வரை

1960களின் தொடக்கத்தில் 'தமிழ்நாட்டுப் பாமரர் பாடல்கள்' என்னும் தொகுப்பை வானமாமலை வெளியிட்டார். அதனினும் விரிவான 'தமிழர் நாட்டுப் பாடல்கள்' நியூ செஞ்சுரி புத்தக நிறுவனத்தின் வாயிலாக 1964இல் வெளிவந்தது. தலைப்பில் நேர்ந்த மாற்றம் நோக்கத்தக்கது. கல்லாதவர் என்னும் பொருள்படும் பாமரர் என்ற சொல் விடுபட்டு, நாட்டையும் தமிழரையும் குறிக்கும் சொற்கள் இடம்பெற்றன. பாடியவரின் கல்வியின்மையை முன்னிறுத்தும் பார்வையிலிருந்து, பாடலை ஓர் இனத்தின் பொதுச்சொத்தாகக் காணும் பார்வைக்கு அவர் நகர்ந்ததை இம்மாற்றம் உணர்த்துகிறது.

இத்தொகுப்புகள் தனியொருவர் முயற்சியால் விளைந்தவையல்ல. கரிசல் நிலத்துச் சிற்றூர்களில் பணியாற்றிய எஸ்.எஸ். போத்தையா, எஸ்.எம். கார்க்கி போன்றோர் பாடல்களைத் திரட்டி உதவினர். பள்ளி ஆசிரியர்களும் இயக்கத் தோழர்களும் நடவுக் களத்திலும் களத்துமேட்டிலும் தாலாட்டும் ஒப்பாரியும் ஒலித்த வீடுகளிலும் கேட்டெழுதியவற்றை வானமாமலை வகைப்படுத்தி விளக்கம் எழுதினார். கள ஆய்வு என்னும் சொல் தமிழ்த்துறைகளில் பரவலாவதற்கு முன்பே, ஊதியமோ உதவித்தொகையோ இல்லாத ஒரு கள ஆய்வுக் கூட்டத்தை அவர் உருவாக்கியிருந்தார்.

நெல்லை ஆய்வுக் குழுவும் 'ஆராய்ச்சி' இதழும்

1967இல் வானமாமலை நெல்லை ஆய்வுக் குழுவை நிறுவினார். உறுப்பினர் ஒருவர் கட்டுரை படிக்க, ஏனையோர் அதனைக் கூர்ந்து விவாதிப்பது குழுவின் நடைமுறை. படித்த கட்டுரை விவாதத்திற்குப் பின் திருத்தம் பெறும். இன்று ஆய்விதழ்கள் மேற்கொள்ளும் தகவுரைஞர் மதிப்பீட்டின் பணியை அக்குழு நேருக்கு நேர் அமர்ந்து செய்தது. ஆ. சிவசுப்பிரமணியன், எஸ். தோதாத்ரி முதலிய ஆய்வாளர்கள் அக்குழுவில் உருவானவர்கள். அடித்தள மக்கள் வரலாறு எனப் பின்னாளில் தனித்துறையாக வளர்ந்த ஆய்வுப் போக்கிற்கு இங்கே நாற்றங்கால் அமைந்தது.

குழுவின் ஆய்வுகளை வெளியிட 1969இல் 'ஆராய்ச்சி' இதழ் தொடங்கப்பட்டது. வரலாறு, மானிடவியல், நாட்டார் வழக்காறு, மெய்யியல், தொல்லியல் ஆகியன ஒரே இதழில் இடம்பெற்றன. துறைகளுக்கிடையே எழுப்பப்பட்ட வேலிகள் சமூகத்தை முழுமையாகக் காணத் தடையாக உள்ளன என்னும் கருத்து அவ்விதழின் அமைப்பிலேயே வெளிப்பட்டது. வானமாமலை மறைந்த பின்னரும் அவர் பெயரைத் தாங்கிய 'ஆராய்ச்சி' வெளிவந்தமை அவ்விதழ் ஏற்படுத்திய தாக்கத்திற்குச் சான்றாகும்.

மதுரைப் பல்கலைக்கழகமும் கதைப்பாடல் பதிப்புகளும்

1966இல் தோன்றிய மதுரைப் பல்கலைக்கழகத்திற்குத் தெ.பொ. மீனாட்சிசுந்தரனார் முதல் துணைவேந்தராக இருந்தார். 1971இல் மு. வரதராசனார் அப்பொறுப்பை ஏற்றார். இப்பல்கலைக்கழகம் 1971 தொடங்கிச் சில ஆண்டுகளுக்குள் வானமாமலை பதிப்பித்த கதைப்பாடல்களை நூல்வரிசையாக வெளியிட்டது. 'வீரபாண்டியக் கட்டபொம்மு கதைப்பாடல்', 'முத்துப்பட்டன் கதை', 'காத்தவராயன் கதைப்பாடல்', 'கான்சாகிபு சண்டை', 'ஐவர் ராசாக்கள் கதை' ஆகியன அவற்றுள் அடங்கும். அதுவரை பெரிய எழுத்துப் பதிப்புகளாகத் திருவிழாக் கடைகளில் விற்கப்பட்டும், கோயில் கொடைகளில் வில்லுப்பாட்டாக இசைக்கப்பட்டும் வந்த கதைகள் பாடவேறுபாடும் ஆய்வு முன்னுரையும் பெற்றுப் பல்கலைக்கழகப் பதிப்பாயின. சங்க இலக்கியத்திற்கும் காப்பியத்திற்கும் உரியதாகக் கருதப்பட்ட பதிப்பு நெறி, கொடைவிழாப் பாட்டிற்கும் உரித்தாயிற்று. துறைக்கு வெளியே நின்ற ஓர் அறிஞரின் உழைப்பிற்குப் பல்கலைக்கழகம் அளித்த ஏற்பு இது.

இப்பதிப்புகளுள் இரண்டு, அவரது ஆய்வு நெறியை விளங்கிக்கொள்ளத் துணைசெய்கின்றன.

முதலாவது முத்துப்பட்டன் கதை. அந்தணர் குலத்தில் பிறந்த முத்துப்பட்டன், மாட்டுப் பட்டிகளைக் காத்துவந்த வாலப்பகடை என்னும் சக்கிலியரின் மகளிரான பொம்மக்கா, திம்மக்கா இருவர்மீதும் காதல் கொள்கிறான். பெண்களின் தந்தை விதித்தபடி பூணூலையும் குடுமியையும் நீக்கிச் செருப்புத் தைக்கக் கற்று அவர்களை மணக்கிறான். மணநாளிலேயே ஆநிரை கவர வந்தோருடன் பொருது உயிர் துறக்கிறான். மகளிர் இருவரும் தீப்பாய்கின்றனர். பாபநாசம் மலைப்பகுதியில் உள்ள சொரிமுத்து அய்யனார் கோயிலில் முத்துப்பட்டன் இன்றும் வழிபடப்பெறுகிறான்; அவனுக்குச் செருப்புகள் காணிக்கையாகச் செலுத்தப்படுகின்றன.

இக்கதையின் பிற்கால வடிவம் ஒன்றில், அப்பெண்கள் உண்மையில் அந்தணர் வீட்டில் பிறந்து காட்டில் விடப்பட்டவர்கள் என்றும், வாலப்பகடை அவர்களைக் கண்டெடுத்து வளர்த்தான் என்றும் ஒரு பகுதி காணப்படுகிறது. வெவ்வேறு வடிவங்களை ஒப்பிட்ட வானமாமலை இப்பகுதி பிற்சேர்க்கை என முடிவு செய்தார். சாதி கடந்த மணத்தை ஏற்க இயலாத மனம், கதைமாந்தரின் பிறப்பை மாற்றி அம்மணத்தைச் சாதிக்குள் அடக்கிக்கொண்டது என்பது அவரது விளக்கம். இங்குப் பாடவேறுபாடு எழுதியவரின் பிழையாக நின்றுவிடவில்லை. சமூக முரணின் தடயமாகிறது. பதிப்பியலையும் சமூக வரலாற்றையும் இணைத்த இந்நெறி தமிழ் ஆய்வுக்கு அவர் அளித்த பெருங்கொடை.

இந்நெறியை மதுரை வட்டாரத்திற்கு மிக நெருக்கமான மதுரைவீரன் கதைக்கும் பொருத்திக் காணலாம். சக்கிலியர் வளர்ப்பில் வளர்ந்து, பொம்மியை மணந்து, அழகர்மலைக் கள்வரை அடக்கி, வெள்ளையம்மாள்மீது கொண்ட காதலால் மாறுகால் மாறுகை வாங்கப்பட்ட வீரன் மீனாட்சியம்மன் கோயிலின் கீழைவாயிலில் தெய்வமாக நிற்கிறான். அவனையும் காசி அரசனின் மகனாகப் பிறந்து காட்டில் விடப்பட்டவன் என்றே அச்சிட்ட கதைப்பாடல் கூறுகிறது. பெண்களுக்கு நேர்ந்த பிறப்பு மாற்றம் இங்கு ஆணுக்கு நேர்ந்துள்ளது. ஒடுக்கப்பட்டவர் ஒருவர் வீரராகவோ காதலராகவோ தெய்வமாகவோ உயரும் இடங்களிலெல்லாம் உயர்பிறப்புக் கதை ஒன்று வந்து ஒட்டிக்கொள்ளும் இயல்பை இவ்விரு கதைகளும் ஒருங்கே காட்டுகின்றன.

இரண்டாவது 'கான்சாகிபு சண்டை'. கும்பினிப் படையில் உயர்ந்து 1759 முதல் மதுரை, திருநெல்வேலிச் சீமைகளை ஆண்ட யூசுப்கான், 1763இல் ஆர்க்காட்டு நவாபையும் கும்பினியையும் எதிர்த்து மதுரைக் கோட்டையில் நின்று போரிட்டான். உடனிருந்தோரால் காட்டிக்கொடுக்கப்பட்டு 1764 அக்டோபர் 15ஆம் நாள் மதுரைக்கு வெளியே தூக்கிலிடப்பட்டான். சம்மட்டிபுரத்தில் அவனது அடக்கவிடம் உள்ளது. கும்பினி ஆவணங்கள் இந்நிகழ்ச்சியைப் பணியாளன் ஒருவனின் கலகமாகப் பதிவு செய்தன. கதைப்பாடலோ சிவகங்கைப் பிரதானி தாண்டவராய பிள்ளையின் பங்கை முன்னிறுத்துகிறது. முற்றுகையைப் பாளையங்களின் பகையும் நட்பும் பின்னிய போராகக் காட்டுகிறது. ஒரே நிகழ்ச்சி கோட்டைக்கு வெளியேயிருந்த நாட்டவர் கண்ணுக்கு எவ்வாறு தோன்றியது என்பதைக் கதைப்பாடலன்றி வேறு சான்று இத்துணைத் தெளிவாகக் கூறுவதில்லை. கதைப்பாடலிலும் சார்பு உண்டு. அச்சார்பு யாருடையது, எந்நலனை ஒட்டியது என்று வினவும்போது அதுவே சான்றாகிவிடுகிறது.

சமூக வரலாற்றாய்வு

1966இல் வெளிவந்த 'தமிழர் வரலாறும் பண்பாடும்' வானமாமலையின் வரலாற்று நோக்கைத் தெளிவாக அறிமுகப்படுத்தியது. பிற்காலச் சோழராட்சியைப் பொற்காலமாகப் போற்றும் மரபு வலுவாக இருந்த சூழலில், கல்வெட்டுகளைக்கொண்டே அதன் மறுபக்கத்தை அவர் எடுத்துக்காட்டினார். பிரமதேயம், தேவதானம் ஆகியவற்றின் பெருக்கம், கோயிலை மையமாகக் கொண்ட நிலவுடைமையின் இறுக்கம், வரிச்சுமை, அதனை எதிர்த்த உழுகுடிகளின் போராட்டங்கள் என்பன அவரது ஆய்வுப் பொருள்களாயின. பொற்காலம் யாருக்குப் பொற்காலமாக இருந்தது என்னும் வினாவைத் தமிழ் வரலாற்றில் அழுத்தமாக எழுப்பியவர்களுள் அவர் முதன்மையானவர்.

சமய வரலாற்றிலும் இதே நோக்கு தொடர்ந்தது. குறிஞ்சிநில மக்களின் வழிபாட்டிற்குரிய முருகனும் வடபுல மரபில் வந்த ஸ்கந்தனும் ஒன்றாக இணைந்த வரலாற்றை அவர் ஆராய்ந்தார். பரங்குன்றத்துச் செவ்வேளைப் பாடும் பரிபாடல் இவ்விணைப்பின் ஒரு கட்டத்தைக் காட்டுவதாகும். தெய்வங்களின் இணைப்பிற்குப் பின்னால் மக்கள் குழுக்களின் கலப்பும் அரசுருவாக்கமும் இருப்பதை அவர் விளக்கினார். சமயத்தை வெறும் மயக்கமாகக் கருதி ஒதுக்காமல், சமூக உறவுகளின் பதிவாகக் கண்டு ஆராய்ந்தமை அவரது மார்க்சியத்தின் சிறப்புக் கூறு.

1969இல் வெளிவந்த தமிழ் நாட்டுப்புற இலக்கிய ஆய்வுகள் பற்றிய ஆங்கில நூலும், அவர் மறைவுக்குப்பின் திருவனந்தபுரம் திராவிட மொழியியற் கழகம் 1981இல் வெளியிட்ட ஆங்கில நூலும் இவ்வாய்வுகளைத் தமிழறியாத அறிஞர்களிடம் சேர்த்தன. இலங்கையில் க. கைலாசபதியும் கா. சிவத்தம்பியும் செவ்விலக்கியத்தையும் நாடகத்தையும் சமூகவியல் நோக்கில் ஆராய்ந்த அதே காலத்தில், வானமாமலை வாய்மொழி மரபிலிருந்து அப்பணியைச் செய்தார்.

ஆய்வு நெறியின் எல்லைகள்

வானமாமலையின் ஆய்வுகளை இன்று மீளப் பயிலும்போது சில எல்லைகளும் புலனாகின்றன. முதலாவதாக, அவரது தொகுப்புகள் பனுவலை மையமாகக் கொண்டவை. பாடலின் இசை, நிகழ்த்தும் சூழல், கேட்போரின் எதிர்வினை ஆகியன அச்சில் போதிய இடம் பெறவில்லை. பாளையங்கோட்டையிலும் மதுரையிலும் பின்னர் வளர்ந்த நாட்டார் வழக்காற்றியல் இக்குறையை நிறைவு செய்ய முனைந்தது.

இரண்டாவதாக, நிலவுடைமைச் சமூகம் என்னும் கருத்தாக்கத்தைச் சோழர் காலத்திற்கு அவர் பொருத்திய முறை விவாதத்திற்குரியது. நொபொரு கராசிமா, எ. சுப்பராயலு ஆகியோர் கல்வெட்டுச் செய்திகளைப் புள்ளியியல் முறையில் தொகுத்து நிலவுரிமையின் படிநிலை மாற்றங்களை நுட்பமாகக் காட்டினர். வானமாமலை மறைந்த 1980ஆம் ஆண்டிலேயே வெளிவந்த பர்ட்டன் ஸ்டெயினின் நூல் சோழ அரசின் தன்மையையே வேறு கோணத்தில் விளக்கியது. இவ்விவாதங்களின் ஒளியில் வானமாமலையின் முடிவுகள் சில திருத்தம் பெறவேண்டியவை. ஆயினும் அவர் எழுப்பிய வினாக்கள் காலாவதியாகவில்லை.

மூன்றாவதாக, வர்க்கத்திற்கும் சாதிக்கும் இடையிலான உறவு அவரது எழுத்தில் முழுத் தீர்வு எய்தவில்லை. கோட்பாட்டளவில் சாதியை வர்க்க உறவின் வழியாக விளக்க முயன்றவர், முத்துப்பட்டன் கதையை ஆராய்ந்தபோது சாதியின் தனித்த வலிமையைச் சான்றுகளின் வாயிலாகவே எதிர்கொண்டார். கோட்பாட்டிற்கு இணங்காத சான்றை மறைக்காமல் பதிப்பித்துத் தந்த நேர்மையே, பின்வந்தோர் அவரைக் கடந்து செல்ல வழி வகுத்தது.

நிறைவுரை

1980ஆம் ஆண்டு பிப்ரவரி 2ஆம் நாள் வானமாமலை மறைந்தார். அப்போது அவருக்கு 62 வயது. அவர் விட்டுச்சென்றவற்றுள் நூல்களைப் போலவே ஆய்வாளர் குழாமும் மதிப்புடையது. ஆய்வைத் தனியொருவரின் பட்டத்திற்குரிய முயற்சியாகக் கொள்ளாமல், கூடியமர்ந்து செய்யும் பொதுப்பணியாகக் கொண்டவர் அவர்.

கதைப்பாடல்கள் இன்று தமிழ்த்துறைகளின் பாடத்திட்டத்தில் இடம்பெற்றுள்ளன. பெரும்பாலும் இலக்கிய வகை என்ற அளவிலேயே அவை கற்பிக்கப்படுகின்றன. யாப்பும் உவமையும் விளக்கப்பட்ட பின், அவை யாருடைய வரலாறு என்னும் வினா எழாமலே பாடம் முடிந்துவிடுகிறது. கொடைவிழாக்களில் வில்லிசை அருகிவரும் இக்காலத்தில், இன்னும் பதிவு பெறாத வடிவங்களைத் திரட்டி, அவற்றின் வேறுபாடுகளை ஒப்பிட்டு ஆராய்வது உடனடித் தேவை. மதுரையைச் சூழ்ந்த சமவெளிச் சிற்றூர்களில் மதுரைவீரன் கதையின் வாய்மொழி வடிவங்களை ஒருங்கே தொகுத்தால், உயர்பிறப்புக் கதை எவ்வடிவில் உள்ளது, எவ்வடிவில் இல்லை என்பது தெளிவாகும். அரை நூற்றாண்டிற்கு முன் பல்கலைக்கழகத்திற்கு வெளியே நின்ற ஓர் ஆசிரியர் தொடங்கிய பணியைப் பல்கலைக்கழகத் தமிழ்த்துறைகள் தொடர்வதற்கு அதுவே தக்க தொடக்கமாக அமையும்.